கருவறையும் அரசாணையும்

பிள்ளை பெறத் தகுந்தவர் யார், தகாதவர் யார் என்று பிரித்து, தகாதவர் என முடிவானவரின் உடலில் கத்தி வைக்கும் அதிகாரத்தை அரசு கையில் எடுத்தது 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில்தான். அதற்கு முன்பும் மன்னர்கள் மக்களைக் கொன்றார்கள், அடிமையாக்கினார்கள், ஆண்களைக் காயடித்து அந்தப்புரக் காவலுக்கு வைத்தார்கள். ஆனால் வருங்காலத் தலைமுறையின் நன்மைக்கு என்று சொல்லி, ஒரு குற்றமும் செய்யாதவரை மலடாக்குவது புதிய வழக்கம். அது அறிவியலின் பெயரால் வந்தது. டார்வினின் உறவினரான பிரான்சிஸ் கால்டன் 1883-இல் இந்தக் கொள்கைக்குப் பெயர் வைத்தார். தமிழில் அதை இனமேம்பாட்டியல் என்பர். அறிவும் ஒழுக்கமும் வறுமையும் குருதிவழி வருபவை, ஆகவே நல்ல குருதியைப் பெருக்கி மற்றதை வற்ற விடலாம் என்பது அதன் சாரம்.

அமெரிக்காவின் இண்டியானா மாநிலம் 1907-இல் முதல் கட்டாயக் கருத்தடைச் சட்டத்தை நிறைவேற்றியது. வர்ஜீனியாவில் கேரி பக் என்ற இளம்பெண்ணின் வழக்கு 1927-இல் உச்சநீதிமன்றத்துக்குப் போனது. தாயும் மகளும் பேத்தியும் மூவரும் மந்தபுத்திக்காரர்கள், இந்த வரிசை இத்தோடு நிற்கட்டும் என்ற பொருளில் நீதிபதி ஹோம்ஸ் தீர்ப்பெழுதினார். உண்மையில் கேரி, வளர்ப்புக் குடும்பத்தின் உறவினன் ஒருவனால் கெடுக்கப்பட்டுக் கருவுற்றவள். 'மூன்றாம் தலைமுறை மந்தபுத்தி' எனப்பட்ட குழந்தையோ பள்ளியில் நல்ல மதிப்பெண் வாங்கியவள். எட்டு வயதில் நோயில் இறந்துபோனாள். ஜெர்மனியில் நாஜிகள் 1933 ஜூலையில் கொண்டுவந்த சட்டத்தால் ஏறத்தாழ 4 லட்சம் பேர் மலடாக்கப்பட்டனர். மக்களாட்சி நாடான சுவீடனிலும் 1970-களின் நடுப்பகுதிவரை சுமார் 63,000 பேருக்கு இத்தகைய அறுவை நடந்தது. ஜப்பானின் சட்டம் 1948 முதல் 1996 வரை உயிரோடிருந்தது. அந்நாட்டு உச்சநீதிமன்றம் அது அரசியல் சட்டத்துக்கு முரணானது என்று தீர்ப்பளித்தது 2024 ஜூலை மாதத்தில்தான்.

தமிழர் பெருமளவில் வாழும் ஆசிய நாடுகளில் இத்தகைய கட்டாயச் சட்டம் எதுவும் வரவில்லை. இங்கே அது முப்பது ரூபாயாகவும், ஒரு வேட்டி சேலையாகவும், பள்ளியில் ஓர் இடமாகவும், சேமநிதிக் கணக்கில் ஒரு தொகையாகவும் வந்தது. அதனால்தான் இங்கே அதை அடையாளம் காண்பது கடினம். கட்டாயம் என்றால் போலீஸ் வண்டி என்று மட்டுமே எண்ணிப் பழகிய மனத்துக்கு, பசித்தவன் கைநாட்டு வைக்கும் இடத்தில் கட்டாயம் கண்ணில் படுவதில்லை. சமயவாதிகள் பெரும்பாலும் 'இந்தச் செயல் பாவமா?' என்று கேட்டார்கள். அரசுகள் 'எண்ணிக்கை குறைந்ததா?' என்று கேட்டன. 'முடிவெடுத்தது யார்?' என்ற கேள்வி இரண்டுக்கும் நடுவே விழுந்துபோனது.

பழந்தமிழ் மரபில் குறைபிறப்பு பற்றிய எண்ணம் உண்டு என்பதை மறைக்க வேண்டியதில்லை. புறநானூற்றின் 28-ஆம் பாடலில் உறையூர் முதுகண்ணன் சாத்தனார், குருடு, கூன், குறள், ஊமை, செவிடு முதலான எட்டு வகைப் பிறப்புகளை 'எண்பேர் எச்சம்' என்று எண்ணிக் காட்டுகிறார். அவற்றை வாழ்வின் பயன் குன்றியவையாகவே கருதுகிறார். பாடல் சோழன் நலங்கிள்ளியை நோக்கியது. ஆனால் அப்பிறப்புகளை அகற்று என்று புலவர் மன்னனிடம் கேட்கவில்லை. நல்ல உடம்போடு பிறந்த நீ அறமும் பொருளும் இன்பமும் தேடு என்பதே அறிவுரை. திருமந்திரத்தின் இரண்டாம் தந்திரத்தில் 'கர்ப்பக் கிரியை' என்று ஒரு பகுதி இருக்கிறது. கூடும் நேரத்தில் மூச்சு எந்த நாசியில் ஓடுகிறது என்பதைக் கொண்டு பிள்ளை ஆணா பெண்ணா என்றும், தாயின் வயிற்றில் மலமும் நீரும் எப்படி இருக்கின்றன என்பதைக் கொண்டு அது மந்தமாகுமா, ஊமையாகுமா, குருடாகுமா என்றும் அப்பகுதி காரணம் சொல்கிறது. உடற்கூறாக இன்று யாரும் அதை ஏற்க வேண்டியதில்லை. கவனிக்க வேண்டியது வேறு: நல்ல பிள்ளை பெறுவது அங்கே கணவன் மனைவி இருவரின் தனி ஒழுக்கம். அதற்குள் ஊரும் வரவில்லை, கோலும் வரவில்லை.

சைவ சித்தாந்தம் இன்னும் ஓரடி உள்ளே போகிறது. தனு, கரணம், புவனம், போகம் என நான்கும் உயிர்களின் வினைக்கு ஏற்ப இறைவனால் கூட்டப்படுபவை. உடம்பு உயிருக்குத் தரப்பட்ட கருவி. மலம் கழிவதற்கான வாய்ப்பு. அந்தக் கணக்கில் ஊனமான உடம்பும் முழுமையான வாய்ப்புதான், இரண்டாம் தரப் பிறவி அல்ல. இதை ஒட்டிப் பார்த்தால் இனமேம்பாட்டின் வாதம் அடியோடு சரிகிறது. ஓர் உயிர் அடைய வேண்டிய பிறப்பை ஒரு கருப்பையில் மறித்தால் அது இன்னொரு கருப்பையில் வரும். துன்பத்தின் மொத்தத்தை அரசாணை குறைத்துவிட முடியாது. ஆனால் அதே வினைக்கொள்கை நடைமுறையில் வேறு வேலையும் பார்த்திருக்கிறது. ஊனமுற்றவரைக் கண்டால் 'போன பிறவிப் பாவம்' என்று சொல்லிவிட்டு நகரும் பழக்கம் அதில் விளைந்ததே. சிந்தனையில் மதிப்புக் கொடுத்த தத்துவம் வாசலில் அலட்சியத்தைக் கற்றுக்கொடுத்தது. மனுவின் நூலோ வலிப்பு, காசம், தொழுநோய் உள்ள குடும்பங்களில் பெண்ணெடுக்கக் கூடாது என்று விதிக்கிறது. சாதிக்குள் மணம் என்ற கட்டுப்பாட்டையே முன்னோர் கண்ட இனமேம்பாடு என்று 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் படித்த இந்தியர் சிலர் பெருமை பேசினர். அம்பேத்கர் 1936-இல் வெளியிட்ட 'சாதி ஒழிப்பு' உரையில் அந்தப் பெருமையை எள்ளி நகையாடினார்: சாதி நல்ல விதையைத் தேர்ந்தெடுக்கும் ஏற்பாடு என்றால், படையில் சேரும் உடல்தகுதி இல்லாதவர்களாகப் பெரும்பாலான இந்துக்கள் இருப்பது எப்படி என்பது அவர் கேள்வி.

சென்னையில் இந்த விவாதம் 1880-களிலேயே தொடங்கிவிட்டது. சென்னை லௌகிக சங்கத்தார் நடத்திய 'தத்துவ விவேசினி' இதழ் கடவுள் மறுப்போடு மால்தூஸின் மக்கள்தொகைக் கருத்துகளையும் தமிழில் பரப்பியது. அடையாற்றில் பிரம்மஞான சபைத் தலைவராகப் பிற்காலத்தில் அமர்ந்த அன்னி பெசன்ட் அம்மையார், 1877-இல் லண்டனில் கருத்தடை நூல் ஒன்றை வெளியிட்டதற்காகக் கூண்டில் ஏறியவர். அதன் தொடர்ச்சியாகப் பெற்ற மகளை வளர்க்கும் உரிமையைக்கூட இழந்தவர். பிரம்மஞானத்துக்கு வந்ததும் 1891-இல் தம் கருத்தடைப் பிரசுரத்தைத் தாமே திரும்பப் பெற்றார். மறுபிறப்பை ஏற்றபின் உடலின் வேட்கையை அடக்குவதே வழி என்று தோன்றியதே காரணம். ஒரே பெண்மணியின் வாழ்க்கையில் நாத்திகம் கருத்தடைக்கு ஆதரவாகவும் கர்மக் கொள்கை எதிராகவும் நின்றதை இங்கே காணலாம்.

1928-இல் சென்னையில் நவ மால்தூசிய சங்கம் அமைந்தது. உயர்நீதிமன்ற நீதிபதியாயிருந்த வேபா ராமேசம் போன்ற பெரிய மனிதர்கள் அதில் இருந்தனர். ஏழைகள் அதிகம் பெறுகிறார்கள், படித்தவர்கள் குறைவாகப் பெறுகிறார்கள் என்ற கவலை அக்கால மேல்தட்டுப் பேச்சில் ஊறிக் கிடந்தது. காங்கிரசின் தேசியத் திட்டக் குழு, 1938-இல் தொடங்கிய தன் பணியின் ஒரு பகுதியாக, பைத்தியம், வலிப்பு போன்ற நோயுள்ளவர்களுக்குக் கருத்தடை அறுவை செய்யலாம் என்றே பரிந்துரைத்தது. விடுதலை கேட்டுக்கொண்டிருந்தவர்கள் எழுதிய வரி அது.

பெரியார் இந்த வரிசையில் சேரவில்லை. 1930-இல் 'குடிஅரசு' இதழில் கர்ப்பத்தடை பற்றி எழுதினார். அக்கட்டுரை பின்னர் 'பெண் ஏன் அடிமையானாள்?' நூலில் இடம்பெற்றது. மற்றவர்கள் பெண்ணின் உடல்நலத்துக்காகவோ நாட்டின் வறுமைக்காகவோ சொத்து சிதறாமலிருக்கவோ கர்ப்பத்தடை வேண்டும் என்கிறார்கள். தாம் கேட்பது பெண் விடுதலை பெறுவதற்காக என்று அவர் தெளிவாகப் பிரித்தார். பிரசங்க மேடையில் இது ஒரு நுண்ணிய வேறுபாடாகத் தோன்றியிருக்கலாம். நாற்பது ஆண்டுகள் கழித்து நடந்தவற்றை வைத்துப் பார்த்தால் எல்லாமே அதில்தான் அடங்கியிருந்தது. நாட்டின் வறுமைக்காக என்றால் முடிவு நாட்டினுடையது. அவளுடைய விடுதலைக்காக என்றால் முடிவு அவளுடையது. பெறாதே என்று கட்டளையிடுவதையும் பெற்றுத்தான் ஆக வேண்டும் என்று வற்புறுத்துவதையும் ஒரே காரணத்தால் மறுக்க முடிவது அந்த இரண்டாம் நிலையில் நின்றால் மட்டுமே.

காந்தி நேரெதிர்த் திசையில் நின்றார். 1935 டிசம்பரில் வார்தாவுக்கு வந்த அமெரிக்கக் கருத்தடை இயக்கத் தலைவி மார்கரெட் சாங்கரிடம், செயற்கைக் கருத்தடை வேண்டாம், புலனடக்கமே போதும் என்று வாதிட்டார். கத்தோலிக்கத் திருச்சபையின் நிலை இன்னும் சுவையானது. 1930 டிசம்பர் 31 அன்று போப்பாண்டவர் பதினோராம் பயஸ் வெளியிட்ட திருமடல், குற்றம் செய்யாத குடிமகனின் உடல்மேல் அரசுக்கு நேரடி அதிகாரம் இல்லை என்று இனமேம்பாட்டுச் சட்டங்களைக் கண்டித்தது. ஜெர்மன் சட்டத்துக்கு இரண்டரை ஆண்டுகள் முன்னதாக வந்த அந்தத் துணிவுக்கு உரிய மதிப்பைத் தரத்தான் வேண்டும். அடுத்த மூச்சிலேயே, தனி மனிதருக்கும் தம் உறுப்புகளின் மேல் அத்தகைய உரிமை இல்லை என்றது. அரசிடமிருந்து பிடுங்கிய அதிகாரம் பெண்ணின் கைக்கு வரவில்லை. இஸ்லாமிய அறிஞர்களில் பெரும்பான்மையோர் பிள்ளைகளுக்கிடையே இடைவெளி விடுவதை அனுமதித்து, மருத்துவக் காரணமில்லாத நிரந்தர மலடாக்கத்தை விலக்கினார்கள். மலேசியாவின் சமயத் தீர்ப்புகளும் அந்த வழியிலேயே அமைந்தன.

இந்தியாவில் விடுதலைக்குப் பின் நடந்ததற்கு வித்திட்டவர்களில் ஒருவர் ஆர்.ஏ. கோபாலசாமி. 1951 மக்கள்தொகைக் கணக்கெடுப்பை நடத்திய அதிகாரி. பின்னர் சென்னை மாநிலத்தின் தலைமைச் செயலாளர். ஏற்கெனவே மூன்று பிள்ளைகள் பெற்று, அவர்களில் ஒருவராவது உயிரோடு இருக்கும்போது நான்காவதும் அதற்கு மேலும் பெறுவதை 'முன்யோசனையற்ற தாய்மை' என்று அவர் கணக்கெடுப்பு அறிக்கையில் வகைப்படுத்தினார். கால்டன் குருதியைப் பார்த்தார். கோபாலசாமி எண்ணிக்கையைப் பார்த்தார். கெட்ட பிறப்பு என்ற இடத்தில் மிகைப் பிறப்பு வந்து உட்கார்ந்தது. 1950-களின் பிற்பாதியில் சென்னை அரசு, குடும்பக் கட்டுப்பாட்டு அறுவை செய்துகொண்ட ஏழைகளுக்கு 30 ரூபாய் கொடுக்கத் தொடங்கியது. வேலையிழப்புக்கும் வழிச்செலவுக்கும் ஈடு என்று அதற்குக் காரணம் சொல்லப்பட்டது. ஆள் கூட்டிவருபவருக்கும் தலைக்கு ஒரு தொகை உண்டு. தாமே அறுவை செய்துகொண்டவர்கள் சிலர் பிறகு ஆள் பிடிப்பதையே பிழைப்பாக்கிக்கொண்டனர். தரகுக்காக வயோதிகரையும் மணமாகாதவரையும் அழைத்துவருவது அங்கேயே தொடங்கிய சீர்கேடு. இந்தியா முழுவதற்கும் பிறகு பரவிய ஊக்கத்தொகை முறைக்கு முன்மாதிரி தமிழ்நாடுதான்; இதைச் சொல்லிக்கொள்ளும் தமிழ்நாட்டு வரலாற்று நூல்கள் அரிது.

1971 ஜூலையில் எர்ணாகுளத்தில் நடந்த முகாம் இதன் உச்சம். மாவட்ட ஆட்சியர் எஸ். கிருஷ்ணகுமாரின் முயற்சியில், நகர மண்டபத்தில் ஒரே மாதத்தில் 63,418 பேருக்கு அறுவை நடந்தது. அவர்களில் மிகப் பெரும்பாலோர் ஆண்கள். ஊர் ஊராக மேளதாளத்தோடு ஊர்வலம் வந்தது. பஞ்சாயத்துத் தலைவர்கள் முன்னே நடந்தார்கள். ஆபரேஷன் முடிந்தவர் கையில் பணமும் துணியும் அரிசியும் கொண்ட பரிசுப்பை இருந்தது. அந்த ஜூலையின் பிற்பாதி ஆடி மாதம். மலையாளத்தில் அதைப் 'பஞ்ஞக் கர்க்கடகம்' என்பார்கள்: மழையும் வேலையின்மையும் சேர்ந்த பஞ்ச மாதம். வந்தவர்களில் எத்தனை பேர் சிறு குடும்பத்தை விரும்பி வந்தார்கள், எத்தனை பேர் அரிசிக்காக வந்தார்கள் என்பதை எந்தப் பதிவேடும் சொல்லாது.

பிறகு நெருக்கடி நிலை. 1976 ஏப்ரல் 16 அன்று மத்திய சுகாதார அமைச்சர் கரண் சிங் வெளியிட்ட தேசிய மக்கள்தொகைக் கொள்கை, கட்டாயச் சட்டம் இயற்ற மாநிலங்களுக்கு வழிவிட்டது. மகாராஷ்டிரச் சட்டமன்றம் அப்படி ஒரு மசோதாவை நிறைவேற்றியும்விட்டது. குடியரசுத் தலைவரின் ஒப்புதல் மட்டும் வரவில்லை. 1976-77-இல் நாடு முழுவதற்கும் இலக்கு 43 லட்சம். நடந்தவை 81 லட்சத்துக்கு மேல். ஷா ஆணையம் பின்னர் விசாரித்தபோது, அறுவையை ஒட்டி இறந்தவர்கள் 1,774 பேர் என்றும், மணமாகாதவர்களுக்கு அறுவை செய்ததாக 548 புகார்கள் என்றும் பதிவாயிற்று. ஹரியானாவின் உத்தாவர் என்ற முஸ்லிம் கிராமத்தை 1976 நவம்பரில் போலீஸ் விடியற்காலையில் வளைத்தது. வடக்கில் பல இடங்களில் ஆசிரியர்கள் ஆள் கொண்டுவராவிட்டால் சம்பளம் இல்லை.

தமிழ்நாட்டில் 1976 ஜனவரி 31 அன்று தி.மு.க. ஆட்சி கலைக்கப்பட்டு ஆளுநர் ஆட்சி நடந்தது. 1976-77-க்கு வைத்த இலக்கு 5 லட்சம். நடந்த அறுவைகள் சுமார் 5.7 லட்சம். நெருக்கடி நிலை என்றதும் தமிழ்நாட்டில் நினைவுக்கு வருபவை மிசா கைதுகளும் சென்னை மத்திய சிறையில் விழுந்த அடிகளும் தணிக்கையும்தான். இந்த ஐந்தே முக்கால் லட்சம் உடல்கள் அந்த நினைவில் இல்லை. வடக்கைப்போல் துப்பாக்கிச்சூடு நடக்காமல், ஏற்கெனவே இருபது ஆண்டுகளாகப் பழகிய தரகும் ஊக்கத்தொகையும் இலக்கும் சேர்ந்து வேலையை அமைதியாக முடித்துவிட்டதே அதற்குக் காரணமாக இருக்க வேண்டும்.

1977 தேர்தலில் ஆண்கள் வாக்குச்சாவடியில் பதில் சொன்னார்கள். அதன்பின் எந்த அரசும் ஆண்களைத் தொடத் துணியவில்லை. முழுச் சுமையும் பெண்களுக்கு மாறியது. இன்று தமிழ்நாட்டில் மணமான பெண்களில் பாதிக்கும் மேற்பட்டோர் குடும்பக் கட்டுப்பாட்டு அறுவை செய்துகொண்டவர்கள். ஆண்களில் அப்படிப்பட்டவரைத் தேடித்தான் பிடிக்க வேண்டும். சத்தீஸ்கரில் 2014 நவம்பரில் பிலாஸ்பூருக்கு அருகே ஒரு முகாமில் சில மணி நேரத்தில் 83 பெண்களுக்கு அறுவை நடந்தது. 13 பேர் உயிரிழந்தனர். முகாம் முறையையே மூன்றாண்டுகளுக்குள் நிறுத்த வேண்டும் என்று உச்சநீதிமன்றம் 2016-இல் ஆணையிட்டது. தமிழ்நாட்டின் சிவகாமி அம்மையார் நினைவு பெண் குழந்தை பாதுகாப்புத் திட்டம் இந்த ஊக்கமுறைக்கு ஒரு மென்மையான உதாரணம். ஒரே பெண் குழந்தை என்றால் 50,000 ரூபாய், இரண்டு என்றால் ஆளுக்கு 25,000 ரூபாய் வைப்புத்தொகை. நிபந்தனை: ஆண் குழந்தை இருக்கக் கூடாது, தாயோ தந்தையோ கருத்தடை அறுவை செய்திருக்க வேண்டும். பெண்சிசுக்கொலைக்கு எதிராக எழுந்த நல்லெண்ணத் திட்டம்தான். ஆனாலும் மகளின் படிப்புப் பணத்துக்கு விலையாக அம்மாவின் கருப்பை வைக்கப்பட்டிருக்கிறது.

இலங்கையின் மலையகத்தில் இந்தக் கேள்வி இன அரசியலோடு பின்னிக்கொண்டது. 1948-இன் சட்டத்தால் குடியுரிமை இழந்து, 1964-இன் சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்தால் இரு நாடுகளுக்கிடையே பங்கு பிரிக்கப்பட்ட மக்கள் அவர்கள். 1980-களில் அந்நாட்டு அரசு கருத்தடை அறுவைக்கு 500 ரூபாய் வரை கொடுத்தது. கொழுந்து பறிக்கும் பெண்ணின் நாட்கூலியோடு ஒப்பிட்டால் அது கொழுத்த தொகை. லயத்து அறைக்கும் தோட்ட மருத்துவமனைக்கும் துரையின் அலுவலகத்துக்கும் ஒரே முதலாளி. மருந்து கொடுப்பவரும் வேலை கொடுப்பவரும் ஒருவரே என்னும் இடத்தில் 'வேண்டாம்' என்று சொல்வது எளிதல்ல. நாட்டின் பிற பகுதிகளைவிடத் தோட்டப் பெண்களிடையே நிரந்தரக் கருத்தடையின் பங்கு மிகுதியாயிருந்ததை அக்காலக் கணிப்புகள் காட்டின. போருக்குப் பின் 2013 ஆகஸ்ட்டில் கிளிநொச்சி மாவட்டத்தின் வேரவில், கிராஞ்சி, வலைப்பாடு ஊர்களில், பிள்ளைகளின் எடை பார்க்கவும் தடுப்பூசிக்கும் என்று அழைக்கப்பட்ட தாய்மாரின் கையில், விவரம் சொல்லாமலும் அச்சுறுத்தியும் கருத்தடை ஊசிக்குச்சிகள் பொருத்தப்பட்டதாகப் புகார் எழுந்தது. அது நிரந்தரக் கருத்தடை அல்ல. ஆனால் தடுப்பூசி அட்டையோடு வந்த தாய் எதற்குச் சம்மதித்தாள் என்ற கேள்வி அப்படியே நிற்கிறது.

மலாயாவின் கதை வேறு. இங்கே கட்டாயக் கருத்தடைச் சட்டம் வரவில்லை. பிறப்பை மறிக்கும் வேலையை வேறு முறைகள் செய்தன. மலாக்காக் கரைக்கு அப்பாலுள்ள செரிம்புன் தீவில் 19-ஆம் நூற்றாண்டில் தொழுநோயாளிகள் ஒதுக்கி வைக்கப்பட்டனர். 1930-இல் சிலாங்கூரில் திறந்த சுங்கை பூலோ குடியிருப்பு அதைவிட மனிதத்தன்மை கொண்டது: வீடு, தோட்டம், கோயில், பள்ளி எல்லாம் உண்டு, திருமணமும் செய்யலாம். ஆனால் பிறக்கும் பிள்ளையைப் பெற்றோர் வைத்துக்கொள்ள முடியாது. பிறந்த கையோடு பிரித்துக் குழந்தைகள் இல்லத்துக்கோ தத்துக்கோ கொடுத்தார்கள். அதே காலத்தில் ஜப்பானில் தொழுநோய் விடுதிகள் திருமணத்துக்கே கருத்தடை அறுவையை விலையாகக் கேட்டன. கருவிலேயே தடுப்பதற்கும் தொட்டிலிலிருந்து எடுப்பதற்கும் அளவில் வேறுபாடு உண்டு. 'நீ பெற்றோர் ஆகத் தகாதவர்' என்ற தீர்ப்பு இரண்டிலும் ஒன்றே. அந்தப் பிள்ளைகளில் சிலர் முதிய வயதில் பெற்றோரின் பெயரைத் தேடி அங்கே வந்துகொண்டிருக்கிறார்கள்.

மலாக்காவின் சுங்கை ஊடாங், அலோர் காஜா, ஜாசின் வட்டாரங்களின் ரப்பர் தோட்டங்களிலும் பிறப்பு என்பது முதலாளியின் கணக்கேட்டுக்கு அப்பாற்பட்டதாக இருந்ததில்லை. ஆள் தேவைப்பட்ட காலத்தில் ஆயாக்கொட்டகையும் பிள்ளைப்பேற்றுப் படியும் வந்தன. அவை தொழிலாளர் சட்டத்தால் வந்தவையேயானாலும் அடுத்த தலைமுறைப் பால்வெட்டுக்காரரைத் தோட்டத்திலேயே வளர்க்கும் பயனும் அதில் இருந்தது. தோட்டங்கள் துண்டாடப்பட்டு வேலை சுருங்கிய 1960-களில், 1966-இன் சட்டத்தால் தேசியக் குடும்பக் கட்டுப்பாட்டு வாரியம் அமைந்தது. மலேசிய இந்தியர் மற்றவரைவிட வேகமாகச் சிறு குடும்பத்துக்கு மாறினர். 1957-இல் மலாயாவின் மக்கள்தொகையில் 11 விழுக்காட்டளவு இருந்தவர்கள் 2020-இல் மலேசிய மக்கள்தொகையில் 7 விழுக்காட்டுக்கும் கீழே. யாரோ நம்மைக் குறைத்துவிட்டார்கள் என்ற பேச்சுக்கு இங்கே ஆதாரம் இல்லை. பெண்கள் படித்தார்கள், நகரத்துக்குப் போனார்கள், தாமே முடிவெடுத்தார்கள் என்பதே பெரும்பாலும் உண்மை. எண்ணிக்கை குறைந்ததை மட்டும் கண்டு அழும் சமூகத் தலைவர்கள் அந்த முடிவுகளை மதிக்கவில்லை என்றே சொல்ல வேண்டும். 1984-இல் பிரதமர் மகாதீர் 7 கோடி மக்கள் என்ற இலக்கை அறிவித்தபோது காற்று எதிர்த்திசையில் அடித்தது. 1955-இன் வேலைவாய்ப்புச் சட்டத்தில் இன்றும் ஒரு விதி உண்டு: உயிரோடு ஐந்து பிள்ளைகள் உள்ள தொழிலாளிக்கு அடுத்த பேற்றுக்குப் படி இல்லை. ஆறாம் பிள்ளையின் தாய்க்கு மட்டும் பால்குடி காலத்தில் பசிக்காது என்று சட்டம் எப்படி அறிந்தது என்பது விளங்கவில்லை.

இனமேம்பாட்டின் சொற்களை ஒளிவுமறைவின்றிப் பேசிய அண்டை நாடு சிங்கப்பூர். 1970-இல் நடைமுறைக்கு வந்த அதன் விருப்பக் கருத்தடைச் சட்டத்தின்கீழ் இயங்கிய வாரியத்தின் பெயரே இனமேம்பாட்டு வாரியம். இரண்டு பிள்ளைகளோடு அறுவை செய்துகொண்ட பெற்றோருக்குப் பள்ளிச் சேர்க்கையில் முன்னுரிமை. அடுத்தடுத்த பேற்றுக்கு மருத்துவமனைக் கட்டணம் ஏறிக்கொண்டே போகும். 1983 தேசிய தின உரையில் பிரதமர் லீ குவான் இயூ, பட்டதாரிப் பெண்கள் பெறாமலும் படிக்காதவர்கள் பெற்றுக்கொண்டும் இருப்பதால் நாட்டின் அறிவுத்தரம் தாழும் என்றார். அடுத்த ஆண்டு பட்டதாரித் தாய்மாரின் பிள்ளைகளுக்குப் பள்ளியில் முதலிடம் வந்தது. குறைந்த படிப்பும் குறைந்த வருமானமும் உள்ள, முப்பது வயதுக்குட்பட்ட தாய், ஒன்றிரண்டு பிள்ளைகளோடு அறுவை செய்துகொண்டால் 10,000 வெள்ளி அவள் சேமநிதிக் கணக்கில் போடப்படும் என்றது இன்னொரு திட்டம். பட்டதாரித் தாய்மாரே அந்தச் சலுகையைக் கண்டு கூசினர். 1984 தேர்தலில் ஆளுங்கட்சியின் வாக்கு சரிந்தது. 1985-இல் பள்ளி முன்னுரிமை கைவிடப்பட்டது. கால்டனின் ஆவி நூறாண்டு கழித்து மலாக்கா நீரிணையின் தென்கோடியில் உலவியது என்றால் மிகையில்லை.

எண்ணிக்கை அரசியலின் எச்சம் இந்தியாவில் இன்று தலைகீழாக நிற்கிறது. 1976-இல் நாடாளுமன்ற இடங்களின் பங்கீடு 1971 கணக்கெடுப்போடு நிறுத்தப்பட்டது. குடும்பக் கட்டுப்பாட்டில் முந்திய மாநிலங்கள் தண்டிக்கப்படக் கூடாது என்பது காரணம். அந்தத் தடை 2026 வரை நீட்டிக்கப்பட்டது. இடம் இழக்கும் அச்சம் தமிழ்நாட்டில் பேச்சாகியிருக்கிறது. 2024 அக்டோபரில் இந்து சமய அறநிலையத் துறை நடத்தி வைத்த 31 இணையரின் திருமண விழாவில் முதல்வர் ஸ்டாலின், பதினாறு பிள்ளைகள் ஏன் பெறக் கூடாது என்று பாதி வேடிக்கையாகக் கேட்டார். முப்பது ரூபாய் கொடுத்துப் பெறாதே என்ற அதே அரசு, கோயில் துறையின் மணவறையில் நின்று பெறு என்கிறது. இரண்டு வாக்கியங்களிலும் தாய் இரண்டாம் வேற்றுமையில்தான் இருக்கிறாள்.

எல்லாவற்றிலும் கடினமானது அறிவுவளர்ச்சிக் குறைபாடு உள்ள பெண்ணின் நிலை. இங்கே வற்புறுத்துவது அரசு அல்ல, பெரும்பாலும் அன்புள்ள தாய். மாதவிலக்கைத் தானே கவனித்துக்கொள்ளத் தெரியாத மகளை, தனக்குப் பின் யார் பார்ப்பார், எவனாவது கெடுத்துவிட்டால் என்ன செய்வது என்ற பயத்தில் கருப்பையை எடுத்துவிடும்படி மருத்துவரிடம் கேட்கிறாள். 1994 பிப்ரவரியில் புணேயில் அரசு இல்லம் ஒன்றிலிருந்த பெண்கள் பலருக்கு அப்படிக் கருப்பை நீக்கப்பட்டபோது நாடே விவாதித்தது. சுசிதா ஸ்ரீவாஸ்தவா வழக்கில் 2009-இல் இந்திய உச்சநீதிமன்றம், பெறுவதும் பெறாமலிருப்பதும் தனிமனித உரிமையின் பகுதி என்றது. அரசுக் காப்பகத்தில் கெடுக்கப்பட்டுக் கருவுற்ற, அறிவுவளர்ச்சி குறைந்த பெண் குழந்தையை விரும்பியதால், அவள் சம்மதமின்றிக் கருவைக் கலைக்க மறுத்தது. மாற்றுத்திறனாளிகள் உரிமைக்கான ஐ.நா. உடன்படிக்கையின் 23-ஆம் பிரிவு, அவர்களின் கருவுறும் திறன் மற்றவரோடு சமமாகக் காக்கப்பட வேண்டும் என்கிறது. இந்தியா 2007-இலும் மலேசியா 2010-இலும் அதை ஏற்றன. சித்தாந்தத்தின் தனு, கரணம் என்ற பாகுபாடு இங்கே உதவக்கூடியது: கரணம் குறைந்தாலும் தனு அந்த உயிருக்கே உரியது; அதன் காவலுக்கு நிற்கும் தாய் அதன் உடைமையாளர் அல்லள். ஆனால் அந்தத் தாயிடம் இந்த வாதத்தைச் சொல்பவர், மகளைக் கெடுக்க வருபவனிடமிருந்து காக்கும் இல்லத்தையும், அவளுக்குத் துணி மாற்றிவிடும் ஆளையும் காட்டியாக வேண்டும். கருப்பை எடுத்த பெண்ணையும் கெடுக்கலாம். அறுவை தடுப்பது கருவை மட்டுமே.